இரண்டு கம்பெனித் துவக்கு

அறை பார்க்க நாங்கள் போன அன்று அவர் எங்கள் பெயரைக் கேட்கவில்லை. ஊரையும் கேட்கவில்லை. பிடித்தால் அன்றைக்கே குடிபுகுந்துவிடலாம் என்று பெட்டியோடு போயிருந்தோம். அவர் அந்தப் பெட்டியைத்தான் பார்த்தார். கைப்பிடியை இரண்டு விரலால் பிடித்து இப்படியும் அப்படியும் அசைத்தார். "ஆடுது" என்றார். உள்ளே போய் ஒரு ஸ்குரூ டிரைவரோடு வந்து, வாசலிலேயே குந்தியிருந்து இறுக்கித் தந்த பிறகுதான் "உள்ள வாங்க" என்றார். வாடகை எவ்வளவு என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. இந்த மனுசனோடு ஒரே வீட்டில் எப்படி இருக்கப் போகிறோம் என்பதுதான் என் யோசனை.

அவர் பாண்டிச்சேரிக்காரர். பிரெஞ்சுப் பட்டாளத்தில் ஆயுதங்களைப் பழுது பார்க்கும் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர். அப்படிப்பட்டவர்களைப் பாண்டிச்சேரியில் சொல்தா என்பார்களாம். எங்கள் பிரெஞ்சு நகரத்தின் தமிழ்க் கடைத்தெருவான லாச்சப்பல் முழுக்க அவரை அப்படித்தான் கூப்பிட்டது. நாங்கள் மரியாதைக்கு ஓர் ஐயாவையும் சேர்த்துச் சொல்தா ஐயா என்றோம். அவருடைய சொந்தப் பெயர் எனக்குத் தெரியும், ஆனால் இதில் எழுத மாட்டேன்.

எதைக் கண்டாலும் அது ஆடுகிறதா என்று பார்ப்பது அவருக்கு வியாதி மாதிரி. சாப்பாட்டுக் கடையில் உட்காருவதற்கு முன் மேசையை ஆட்டுவார். வங்கியில் பேனா கட்டிய சங்கிலியை ஆட்டுவார். ஒரு கல்யாணத்துக்குப் போன இடத்தில், எல்லோரும் பார்த்துக்கொண்டிருக்க, மணவறைக் கால் ஒன்றைப் பிடித்து ஆட்டிவிட்டார். மாப்பிள்ளை வீட்டாரின் முகம் போன போக்கைப் பார்த்து நான் வேறு வரிசைக்குப் போய் உட்கார்ந்துகொண்டேன். கேட்டால், "விழுந்தா யாரு மேல விழும்? பொண்ணு மேல தானே?" என்றார். அவர் சொல்வதில் எப்போதும் ஒரு நியாயம் இருக்கும். அதுதான் எனக்கு இன்னும் எரிச்சல்.

அவருடைய குசினியில் ஒரே கம்பெனியில் செய்த இரண்டு சாமான் கிடையாது. மிக்சியின் மோட்டார் ஒரு கம்பெனி, ஜாடி இந்தியாவிலிருந்து வந்த இன்னொரு கம்பெனி. நடுவில் அவரே ஏதோ வளையம் செய்து போட்டிருந்தார். குக்கருக்கு வேறொரு குக்கரின் மூடி. கோப்பி மெஷினின் கண்ணாடிக் குவளை எங்கேயோ தெருவில் எடுத்தது. "ஏன் ஐயா, ஒண்டாய் வாங்கினால் என்ன?" என்று ஒருநாள் கேட்டேன்.

"ஒரே கம்பெனி சாமான் ஒண்ணோட ஒண்ணு பொருந்துறதுல இன்னாம்மா அதிசயம்? வேற வேற கம்பெனியைப் பொருத்தணும். அதான் வேலை."

அவருடைய மனைவி காரைக்கால் பக்கம், கத்தோலிக்கக் குடும்பம். இவர் முருக பக்தர். அந்த அம்மா காலமாகி நாலைந்து வருசம் இருக்கும். சாமித் தட்டில் முருகனும் மாதாவும் பக்கத்தில் பக்கத்தில் இருந்தார்கள். மாதா சிலை உயரம் குறைவு என்று அடியில் ஒரு மரத்துண்டை வைத்து, இரண்டு தலையும் ஒரே மட்டத்துக்கு வரும்படி செய்திருந்தார். "அவளும் வேற கம்பெனி தாம்மா. பொருந்துறதுக்கு ரொம்ப நாளாச்சு. ஆனா பொருந்தினப்புறம் ஒரு ஆட்டம் இல்ல." இதைச் சொல்லும்போது சிரிப்பார். சிரித்துவிட்டு விளக்குத் திரியைத் தூண்டப் போய்விடுவார். அந்த நேரங்களில் எனக்கு அவரை மிகவும் பிடிக்கும்.

எங்கள் நிலைமையையும் சொல்லிவிட வேண்டும். நாங்கள் யாழ்ப்பாணத்தார். என் கணவர் ஓர் உணவகத்தில் சமையல். நான் லாச்சப்பலில் ஒரு புடவைக் கடையில் வேலை. அவருக்கு அகதி அட்டை கிடைத்து, எனக்கும் விசா வந்து, இருவருக்குமாகப் பிரெஞ்சுக் குடியுரிமைக்கு விண்ணப்பித்திருந்தோம். எங்கள் கடதாசிகளில் இருந்த விலாசம் சார்செலில் உள்ள என் கணவரின் அண்ணை வீடு. விலாசத்தை மாற்றினால் கோப்பு வேறு மாவட்டத்துப் பிரெபெக்தூர் அலுவலகத்துக்குப் போய் முதலிலிருந்து தொடங்கும் என்று எல்லோரும் பயமுறுத்தியதால் மாற்றவில்லை. இஞ்சை இருக்கிற எங்கள் ஆட்களில் பாதிப் பேர் ஒரு வீட்டில் படுத்து இன்னொரு வீட்டில் கடிதம் வாங்குபவர்கள்தான். குடியுரிமை வந்தால்தான் என் கணவர் அம்மாவைப் போய்ப் பார்க்கலாம். அகதி அட்டையோடு ஊருக்குப் போக ஏலாது. அம்மாவுக்கோ நாளுக்கு நாள் கண் மங்கிக்கொண்டு வந்தது. ஒரு சின்னக் கறுப்புப் புள்ளி எங்கள் பேரில் விழுந்தாலும் கதை முடிந்தது. அப்படிப் பயந்து பயந்து, மெற்றோவில் டிக்கெட் எடுத்துவிட்டு அதைக் கைக்குள்ளேயே பிடித்துக்கொண்டிருப்பேன்.

இப்படிப்பட்டவளுக்கு எப்படிப்பட்ட வீடு வாய்த்தது பாருங்கள். குடிபோன முதல் ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் குசினிக்குப் போகிறேன், சாப்பாட்டு மேசையில் வெள்ளைத் துணி விரித்து, அதன்மேல் இரண்டு கறுப்பு இரும்பை வைத்துக்கொண்டு இருக்கிறார். ஒன்றில் நீளமாகக் குழல் இருந்தது. மற்றதில் கைப்பிடியும் விசையும்.

"ஐயா... இது துவக்கோ?"

"ஆமாம்மா. டீ போடப் போறியா? எனக்கும் ஒண்ணு போடு."

எங்கள் ஊரில் ஒரு வீட்டுக்குள் துவக்கு இருக்கிறது என்று யாராவது வாய் தவறிச் சொன்னாலே போதும், அந்த வீட்டில் பிறகு ஆள் இருக்காது. ஆமியின் சுற்றிவளைப்பில் என் சின்ன மாமாவைக் கொண்டுபோனது அவருடைய காணிக்குள் கிடந்த ஒரு துருப்பிடித்த குழாய்த் துண்டுக்காக. அவர் திரும்பி வரவில்லை. தேத்தண்ணி போடாமலே அறைக்குள் ஓடிவந்து கதவைச் சாத்தினேன்.

அவர் பின்னாலேயே வந்து கதவைத் தட்டினார். கையில் ஒரு கட்டுக் கடதாசி. சுடும் கழகத்தில் உறுப்பினர், பிரெபெக்தூர் தந்த அனுமதி, பூட்டி வைக்க இரும்புப் பெட்டி, எல்லாம் முறைப்படி. "எல்லாம் லேகால் தாம்மா. பட்டாளத்துல முப்பது வருஷம் இதோட குடும்பம் நடத்தினவன். சீட்டாடுற மாதிரி எனக்கு இது ஒரு பொழுதுபோக்கு. பயப்படக் கூடாது. பயந்தா கை ஆடும்."

என் கணவருக்கோ இது பெரிய புதினம். வேலையால் வந்ததும் அவரோடு மேசையில் உட்கார்ந்து பார்க்கத் தொடங்கிவிட்டார்.

"உங்களுக்கு விசரே? இன்ரவியூ வரப்போகுது. வீட்டிலை துவக்கெண்டு தெரிஞ்சால் என்ன நினைப்பாங்கள்?"

"அது அவரின்ரை துவக்கப்பா. எங்கடையே?"

"பொலிசுக்கு அவரின்ரை எங்கடை எண்டு வித்தியாசம் தெரியுமோ?"

வேறு வீடு பார்ப்போம் என்றேன். அந்த வாடகைக்கு லாச்சப்பலில் கோழிக்கூடு கூடக் கிடைக்காது என்பது எனக்கும் தெரியும். இருந்தோம்.

அந்தத் துவக்கின் கதையைச் சொல்தா ஐயா எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். அது இரண்டு பாதி. குழல் பொருத்திய மேல்கூடு ஒன்று, விசை உள்ள கீழ்க்கூடு ஒன்று. முன்னால் பின் எனப்படும் ஆணி ஒன்று, பின்னால் ஒன்று, இரண்டையும் குத்தினால் ஒரு துவக்கு. பழைய மேல் பாதி தேய்ந்துபோக, அவர் வேறொரு கம்பெனியின் மேல் பாதியை வாங்கிக் கீழ் பாதியில் பூட்டினார். ஒரே அளவில்தான் எல்லாக் கம்பெனியும் செய்வார்களாம், பூட்டினால் பூட்டும். பூட்டத்தான் செய்தது. ஆனால் பிடித்து அசைத்தால் ஒரு மயிரிழை ஆட்டம்.

அந்த மயிரிழைதான் அவரைத் தின்றது. சுடும் கழகத்தில் எல்லோரும் சொல்லிவிட்டார்களாம், குழலும் குறி பார்க்கும் கண்ணாடியும் மேல் பாதியிலேயே இருப்பதால் கீழே கொஞ்சம் ஆடினாலும் குண்டு போகும் இடம் மாறாது என்று. இவருக்கும் அது தெரியும். "குண்டுக்குத் தெரியாது, சரி. என் கைக்குத் தெரியுதே!" என்பார். உள்ளே ஒரு ரப்பர் துண்டு வைத்தால் ஆட்டம் நிற்கும் என்று ஒருவர் சொல்ல, வைத்தார். நின்றது. மறுநாள் பிடுங்கி எறிந்தார். "ரப்பர் வச்சு நிக்கறது பொருத்தம் இல்லம்மா, அடைப்பு." பிறகு கொஞ்சம் தடித்த பின் ஆணி வாங்கினார். அது இறுகிப்போய், கழற்ற மரச் சுத்தியலால் தட்ட வேண்டியிருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் அந்த டொக் டொக் சத்தம் கேட்டால் எனக்குச் சோறு இறங்காது. கீழ் வீட்டுக்காரி பொலிசுக்கு ரெலிபோன் அடிக்கப் போகிறாள் என்று ஜன்னலுக்கும் கதவுக்குமாக நடப்பேன்.

நல்ல மனுசன். அதில் சந்தேகம் இல்லை. என் கணவரின் நேர்முகத்துக்காக இரவுச் சாப்பாட்டில் தினமும் கேள்வி கேட்பார். "நீங்க ஏன் பிரெஞ்சுக்காரர் ஆகணும்னு நினைக்கிறீங்க?" என்று பிரெஞ்சில் அதிகாரி மாதிரி முகத்தை வைத்துக்கொண்டு கேட்பார். என் கணவர் ஏதாவது சொல்வார். அடுத்த நாள் அதே கேள்வி. இவர் வேறு மாதிரிச் சொன்னால், "நேத்து ஒண்ணு, இன்னிக்கு ஒண்ணு. பதில் ஆடுது, முசியே" என்பார். ஆற்றுப் பெயர், ஜனாதிபதி பெயர், கொடி நிறம் எல்லாம் அவர் சொல்லிக் கொடுத்ததுதான்.

ஆனாலும் அவரோடு தெருவில் போக எனக்குப் பயம். கார் து நோர் ரெயில் நிலையப் பக்கம் எப்போதும் பட்டாளத்துப் பெடியள் துவக்கோடு ரோந்து போவார்கள். நானும் என் ஆட்களும் அவர்களைக் கண்டால் கண்ணைத் தாழ்த்திக்கொண்டு போவோம். இவர் நின்று, குனிந்து, அவர்களுடைய துவக்கை உற்றுப் பார்ப்பார். "தோ பாரு, மேலயும் கீழயும் ஒரே கம்பெனி. பசங்களுக்கு யோகம்." அந்தப் பெடியள் இவரைத் திரும்பிப் பார்ப்பார்கள். நான் அவரோடு வராதவள் போல முன்னால் நடந்துவிடுவேன்.

நானே இதற்குள் போய் மாட்டிக்கொண்டது நிறத்தால். ஒருநாள், "ஏம்மா, உன் கண்ணு எனக்கு வேணும்" என்று கூப்பிட்டார். புடவைக்குச் சட்டைத் துணி பொருத்துவது என் வேலை என்று அவருக்குத் தெரியும். மேசையில் இரண்டு பாதியும் கிடந்தன. அதற்குள் இரண்டையும் வெறும் கூடாகக் கழற்றி வைத்திருந்தார். குழல் இல்லை, விசை இல்லை. மேல்கூடு ஒரு சாண் நீளம்தான் இருக்கும். "ரெண்டும் ஒரே கறுப்பா, சொல்லு."

"ஐயா, லைற் வெளிச்சத்திலை எல்லாக் கறுப்பும் ஒண்டுதான். ஜன்னலடிக்குக் கொண்டு வாங்கோ."

கடையில் வாடிக்கையாளருக்குச் சொல்வது அப்படியே வாயில் வந்துவிட்டது. ஜன்னலடியில் பார்த்தால் கீழ்க்கூடு ஊதா ஓடிய கறுப்பு, மேல்கூடு சாம்பல் ஓடிய கறுப்பு. சொன்னேன். அவர் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். "இத்தினி வருஷமா கழகத்துல ஒருத்தனும் சொல்லல!" என்று கையைத் தட்டினார். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது, ஏன் பொய் சொல்ல வேண்டும். ஒரு துவக்கைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு நான் சிரித்தது அன்றைக்குத்தான்.

அதற்குப் பிறகு அவருக்கு இரண்டு கவலை. ஆட்டமும் போக வேண்டும், நிறமும் ஒன்றாக வேண்டும். பியர்ஃபித்தில் உரிமம் உள்ள ஒரு துவக்குத் திருத்துகாரரைப் பிடித்தார். அவர் இரண்டு கூட்டையும் உரசாமல் பொருத்தி, மேலே ஒரே பூச்சும் பூசித் தருவாராம். நான் அந்த வாரம் கடிதம் எடுக்க அண்ணை வீட்டுக்குப் போக இருந்தேன். சார்செலுக்குப் போகிற அதே ரெயில் பியர்ஃபித்திலும் நிற்கும். "நீயும் எறங்கி வந்து அந்த ஆளுக்கு நிறத்தைச் சொல்லிட்டுப் போம்மா. எனக்கு உன் கண்ணு இல்ல" என்றார். என் கணவருடைய நேர்முகத்துக்கு இன்னும் ஒரு வாரம் இருந்தது. மாட்டேன் என்று சொல்லியிருக்க வேண்டும். அவ்வளவு ஆசையாகக் கேட்ட மனுசனிடம் அதைச் சொல்ல மனம் வரவில்லை.

அண்ணை வீட்டுக்கு முருங்கைக்காய், கருவேப்பிலை, கொஞ்சம் பலகாரம் எல்லாம் கடைத் துணிப் பையில் கட்டி வைத்துவிட்டுச் சீப்பை எடுத்துத் தலை இழுக்கப் போனேன். திரும்பி வந்து நான் பையைத் தூக்க, சொல்தா ஐயாவும் நானுமாக இறங்கினோம். கார் து நோர் நிலத்தடிப் பாதையில் நடக்கும்போது முழங்காலில் ஏதோ இடித்தது. முருங்கைக்காய் இப்படி இடிக்காதே என்று பையைப் பார்த்தேன். அடியில், நான் கடையிலிருந்து கொண்டுவந்திருந்த கறுப்புச் சட்டைத் துணி ஒன்றில் சுற்றி, ஒரு சாண் நீளத்தில் ஏதோ இருந்தது.

"ஐயா... இதென்ன என்ரை பையுக்கை?"

"மேல் பாதிம்மா. ரெண்டையும் ஒரே பையில வச்சா பாக்குறவன் துப்பாக்கின்னுவான். தனித்தனியா இருந்தா அது வெறும் அலுமினியம். பயப்படாத, ரெண்டு ஸ்டேஷன் தானே."

ஒவ்வொரு பாதிக்கும் தனித்தனியாக அனுமதி வாங்க வேண்டிய நாடு இது. என்னிடம் காட்டிய அந்தக் கட்டுக்குள் இரண்டு பாதிக்கும் இரண்டு கடதாசி இருந்ததை நானே பார்த்திருக்கிறேன். அது இவருடைய பையில் இருந்தால் ஒன்றுமில்லை. என் பையில் இருந்தால் அது துவக்கு. பாதுகாப்பென்று நினைத்து, ஒரு பொருத்துக்காரனுடைய புத்தியோடு, இந்த மனுசன் என் தலையில் கல்லைப் போட்டுவிட்டார். "எடுங்கோ ஐயா, இப்பவே எடுங்கோ" என்றேன். அழுகை வந்துவிட்டது.

அவர் என் முகத்தைப் பார்த்தார். அப்போதுதான் அவருக்கு விளங்கியிருக்க வேண்டும். பைக்குள் கையை விட்டார். அதற்குள் நாங்கள் வளைவைத் திரும்பிவிட்டோம். முன்னால் தடுப்பு. பொலிஸ் நாலைந்து பேர், பக்கத்தில் துவக்கோடு பட்டாளத்துப் பெடியள், சனங்களின் பைகளைத் திறந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஒரு பொலிஸ்காரி எங்களைப் பார்த்துக் கையைக் காட்டினாள். அவர் கையை வெறுமனே வெளியே எடுத்தார். திரும்பி நடந்தால் அதுவே குற்றம் மாதிரி இருக்கும். பின்னால் சனம் நெருக்கியது.

அவள் என் பையை மேசையில் வைத்து முருங்கைக்காயை ஒவ்வொன்றாக வெளியே எடுத்தாள். கருவேப்பிலையை மணந்து பார்த்தாள், சிரித்தாள் கூட. நான் அம்மாவை நினைத்தேன். என் கணவரின் அம்மாவை. அந்தக் கண் மங்கின மனுசியிடம் இனி என்ன சொல்வது என்று நினைத்தேன்.

பின்னால் நின்றவர், உதடு பெரிதாக அசையாமல், சாமி கும்பிடுவது போல முணுமுணுத்தார். "என்னைத் தெரியாதுன்னு சொல்லு. எதைக் கேட்டாலும் தெரியாது. அவ்ளோதான்."

அவள் கை கறுப்புத் துணியைத் தொட்டது. அப்போது அவர் என்னைத் தள்ளிக்கொண்டு முன்னால் வந்தார். இரண்டு கையையும் எல்லோரும் பார்க்க மேலே தூக்கினார். தெளிவான பிரெஞ்சில், சத்தமாகச் சொன்னார். அது தன்னுடையது. மற்றப் பாதி தன் பையில் இருக்கிறது. கடதாசியும் இருக்கிறது. இந்தச் சோதனையைக் கண்டு பயந்துபோய், முன்னால் போன இந்தப் பெண்ணின் பை திறந்திருக்க அதற்குள் போட்டுவிட்டாராம். இவள் யார் என்று தனக்குத் தெரியாது.

எல்லாம் ஒரு நொடியில் மாறியது. பட்டாளத்துப் பெடியள் அவரைச் சுற்றி நின்றார்கள். பொலிஸ்காரி அவருடைய அட்டைகளை எடுத்துப் பார்த்தாள். அதில் ஓய்வுபெற்ற படைவீரர் அட்டையும் இருந்தது. அதை அந்தப் பெடியளில் ஒருவனிடம் காட்டினாள். அவன் அட்டையையும் இவரையும் பார்த்துவிட்டு, "நீங்கள் படையில் இருந்தவர். எங்களைக் கண்டா பயந்தீர்கள்?" என்று கேட்டான்.

"ஆமாம், பயந்துட்டேன்" என்று பிரெஞ்சில் சொன்னார். "எனக்கு வயசாச்சு. ரொம்பப் பயந்துட்டேன்."

எத்தனை தடவை என்னைப் பயந்தாங்கொள்ளி என்று கேலி செய்தவர். அந்தச் சீருடைக்கு முன்னால், பேரப்பிள்ளை வயதுப் பெடியனிடம், தலையைக் குனிந்து அதைச் சொன்னார். அவன் முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

பொலிஸ்காரி என்னிடம் வந்தாள். என் அட்டையைப் பார்த்தாள், சார்செல் என்று எழுதிக்கொண்டாள். அவரைக் காட்டி, "இந்த முசியேயைத் தெரியுமா?" என்றாள்.

"நோன்" என்றேன்.

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. முருங்கைக்காயைத் திரும்பவும் பையில் அடுக்கித் தந்தார்கள். நான் ரெயிலில் ஏறி அண்ணை வீட்டுக்குப் போய்க் குளியலறையில் சத்தி எடுத்தேன்.

அன்று பின்னேரமே என் கணவர் ஓடிப்போய் எங்கள் உடுப்புகளை அள்ளிக்கொண்டு வந்துவிட்டார். அடுத்த நாள் பொலிஸ் சொல்தா ஐயாவின் வீட்டுக்கு வந்து இரும்புப் பெட்டியில் இருந்ததையெல்லாம் எடுத்துப் போனதாகக் கடைத்தெருவில் கேள்விப்பட்டோம். இனி அவர் துவக்கே வைத்திருக்க முடியாதாம், வழக்கும் உண்டாம். நாங்கள் சார்செலில் அண்ணை வீட்டு வரவேற்பறையில் படுத்தோம். என் கணவர் நேர்முகத்துக்குப் போனார். ஏன் பிரெஞ்சுக்காரர் ஆக விரும்புகிறீர்கள் என்று கேட்டார்களாம். ஆடாமல் பதில் சொன்னாராம்.

ஆனால் பயம் போகவில்லை. நாங்கள் அவர் வீட்டில் இருந்தது லாச்சப்பலில் யாருக்குத்தான் தெரியாது? ஒரு நாள் ஒரு பொலிஸ் கடைக்குள் வந்து விசாரித்தால் போதும். நான் கடையில் நின்றபடி வாசலையே பார்த்துக்கொண்டிருப்பேன். நாங்களும் அவரும் சண்டை பிடித்துப் பிரிந்து கன காலம் என்று கேட்பவர்களுக்கெல்லாம் சொன்னேன். அந்தப் பொய்யில் ஓட்டைகள் இருந்தன. ஏன் சண்டை என்று கேட்டால் ஒவ்வொருவருக்கும் ஒவ்வொரு காரணம் சொல்லிவிடுவேன்.

பிறகு கதைகள் என் காதுக்கு வரத் தொடங்கின. தேத்தண்ணிக் கடையில் சொல்தா ஐயா என்னைப் பற்றிச் சொல்லித் திரிகிறாராம். நான் அவருடைய சட்டியைக் கருக்கினேனாம், சுடுதண்ணியை வீணாக்கினேனாம், மாதா சிலையைத் தட்டி விழுத்தினேனாம், போன வருசமே கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளினாராம். "அந்த யாழ்ப்பாணத்துப் பொம்பளை பேரை எங்கிட்ட எடுக்காத" என்று கத்தினாராம். முதலில் கேட்டபோது எனக்கு உடம்பெல்லாம் எரிந்தது. கடையில் நின்று அழுதேன். சட்டி கருகியது உண்மை. மாதா சிலையை நான் தொட்டதே இல்லை. வீட்டுக்குப் போய் என் கணவரிடம் சொல்லிக் கொட்டியபோது அவர் "போன வருசம் எண்டு சொன்னவரோ?" என்று மட்டும் கேட்டார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. அதற்குப் பிறகு யார் கேட்டாலும் நானும் சட்டி, சுடுதண்ணி, மாதா சிலை என்று அதே வரிசையில் சொன்னேன். தெருவில் என்னைக் கண்டால் சொல்தா ஐயா மற்றப் பக்கம் போய்விடுவார். அவர் கடை வாசலைக் கடந்தால் நான் பார்க்காதது மாதிரிப் புடவையை மடித்துக்கொண்டிருப்பேன்.

குடியுரிமை வந்தது. கடிதத்தைப் பிடித்துக்கொண்டு நானும் என் கணவரும் குசினிக்குள் நின்று அழுதோம். அவர் ஊருக்கு டிக்கெட் போட்டார். நான் ஒரு பெட்டி லட்டு வாங்கிக்கொண்டு, கணவருக்குச் சொல்லாமல், பழைய படிகளில் ஏறினேன்.

கதவு திறந்தது. மெலிந்துபோயிருந்தார். என்னைக் கண்டதும் அவருடைய கண் முதலில் என் தலைக்கு மேலால் படிக்கட்டைப் பார்த்தது. கதவைப் பாதிதான் திறந்தார்.

"கிடைச்சிட்டுது ஐயா" என்றேன்.

முகம் மலர்ந்தது. நான் பார்த்தேன், மலர்ந்தது. "ரெண்டு பேருக்குமா?"

"ஓம். இவர் அம்மாவைப் பார்க்கப் போறார். இனிப் பயமில்லை. இனி நாங்கள் வந்து போகலாம், என்ன ஐயா?"

இல்லை என்று தலையை ஆட்டினார். "பொய் சொல்லி வாங்கினதுன்னு தெரிஞ்சா குடுத்ததைத் திரும்பவும் பிடுங்கிக்குவாங்கம்மா. என் கேஸ் இன்னும் முடியல. நீ இங்க வந்ததை யாராவது பாத்தா?"

"பார்க்கட்டுமே."

"யாராவது கேட்டா இன்னா சொல்லுவே?"

நான் லட்டுப் பெட்டியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அவர் திரும்பவும் கேட்டார். "தெரியாது எண்டு சொல்லுவன்" என்றேன்.

"ம்."

பெட்டியை நீட்டினேன். கையை நீட்டியவர் இழுத்துக்கொண்டார். கடையின் பெயர் போட்ட பெட்டி. கீழே எங்கேயோ ஒரு கதவு திறந்தது. அவர் குரலைத் தாழ்த்தினார்.

"போயிட்டு..." என்றவர் நிறுத்தினார். வா என்ற சொல் வாய் வரைக்கும் வந்ததை நான் கண்டேன். அதை விழுங்கிக்கொண்டார்.

"போம்மா" என்றார்.

எங்கள் ஆட்கள் எந்த வாசலிலும் ஒருவரையும் அப்படி அனுப்புவதில்லை. நானும் போட்டு வாறன் என்று சொல்லவில்லை. படியிறங்கினேன்.